ஜான் பென்னிகுவிக்

கர்னல் ஜான் பென்னிகுவிக் (சனவரி 15, 1841 – மார்ச் 9, 1911) பிரித்தானிய இந்தியாவின் சென்னை மாகாணத்தில் பணியாற்றிய இராணுவப் பொறியாளர் ஆவார். முல்லைப் பெரியாறு அணையைத் திட்டமிட்டுக் கட்டி முடித்தவர் இவரே. மேற்கு நோக்கி ஓடி அரபிக்கடலில் கலந்த பெரியாற்றின் நீரில் ஒரு பகுதியை, மலையைக் குடைந்து கிழக்கே வைகைப் படுகைக்குத் திருப்பியது இத்திட்டம். தேனி, மதுரை, திண்டுக்கல், சிவகங்கை, இராமநாதபுரம் மாவட்டங்கள் இதனால் பயன்பெறுகின்றன.

தேக்கடியிலிருந்து சுரங்கம் வழியாக வரும் நீர் கூடலூர் அருகே லோயர் கேம்பில் இறங்கி, கம்பம் பள்ளத்தாக்கின் நீளத்துக்கும் ஓடி, தேனி நகரை அடுத்த பழனிசெட்டிபட்டியைக் கடந்து வைகையில் சேருகிறது. லோயர் கேம்ப் முதல் பழனிசெட்டிபட்டி வரை உள்ள 14,707 ஏக்கர் நிலம் இந்நீரைக் கொண்டே இருபோக நெல் விளைவிக்கிறது. ஆண்டுதோறும் முதல் போகத்துக்கு நீர் திறக்கும் அறிவிப்பில் இவ்விரு ஊர்ப் பெயர்களும் எல்லைகளாக இடம்பெறுவது வழக்கம்.

இந்த அணை அமைந்த நிலம் சென்னை மாகாணத்துக்கு உரியதன்று. திருவிதாங்கூர் சமத்தானத்துக்கு உரியது. எனவே பென்னிகுவிக்கின் வரைபடங்களுக்கு முன்பாக வேறோர் அரசின் இசைவு தேவைப்பட்டது. அந்த இசைவு எத்தகையது, யாரைக் கட்டுப்படுத்துவது என்ற கேள்விகள் அவர் இறந்து நூறாண்டுகளுக்குப் பின்னும் நீதிமன்றத்தில் விவாதிக்கப்பட்டன.

இளமை

பென்னிகுவிக் மகாராட்டிரத்தின் புனே நகரில் பிறந்தார். தந்தையின் பெயரும் ஜான் பென்னிகுவிக் என்பதே. பிரிகேடியராக இருந்த அவர், இரண்டாம் ஆங்கிலேய-சீக்கியப் போரின்போது 1849 சனவரி 13 அன்று சில்லியன்வாலா சமரில் கொல்லப்பட்டார். தந்தையின் உடலைக் காத்து நின்ற பதினேழு வயது மகன் அலெக்சாண்டரும் அதே களத்தில் உயிரிழந்தார். இளைய ஜானுக்கு அப்போது எட்டு வயது நிறைய இரண்டு நாட்களே குறைவு.

இங்கிலாந்தில் செல்டன்ஹாம் கல்லூரியிலும், கிழக்கிந்தியக் கம்பெனியின் ஆடிசுகோம்பு இராணுவப் பயிற்சிப் பள்ளியிலும் பயின்ற இவர், 1858இல் பொறியாளர் படைப்பிரிவில் சேர்ந்து 1860இல் இந்தியா வந்தார். 1867–68இல் அபிசீனியப் படையெடுப்பில் பணிபுரிந்து பதக்கம் பெற்றார். மற்றபடி இவருடைய பணிக்காலத்தின் பெரும்பகுதி சென்னை மாகாணப் பொதுப்பணித் துறையிலேயே கழிந்தது. 1879இல் கிரேசு ஜார்ஜியானா சாமியரை மணந்தார். இவர்களுக்கு ஐந்து பெண்களும் ஓர் ஆணும் பிறந்தனர்.

திட்டத்தின் முன்வரலாறு

பெரியாற்றைத் திருப்பும் எண்ணம் பென்னிகுவிக்குடையதன்று. இராமநாதபுரம் சேதுபதியின் பிரதானி முத்திருளப்ப பிள்ளை 1789இல் இதற்காக ஆட்களை அனுப்பி மலையை ஆராயச் செய்தார். பெரும் பொருட்செலவு தேவைப்பட்டதால் அம்முயற்சி நின்றது. 1808இல் ஜேம்சு கால்டுவெல் என்ற ஆங்கிலேயப் பொறியாளர் இடத்தைப் பார்த்துவிட்டு இயலாத செயல் என்று அறிக்கை தந்தார். (மொழியறிஞர் இராபர்ட் கால்டுவெல் வேறொருவர்.) 1850இல் சிறு அணை ஒன்றைக் கட்டத் தொடங்கி, காய்ச்சலாலும் கூலித் தகராற்றாலும் கைவிட்டனர். 1860களில் மேஜர் ரைவ்சு என்பவர் முதன்முறையாக விரிவான திட்டம் ஒன்றை வகுத்தார். 1876–78ஆம் ஆண்டுகளின் பெரும் பஞ்சம் முதலில் இத்திட்டத்தைத் தள்ளிப்போடச் செய்தது. பஞ்சம் தணிந்தபின் அதுவே இதன் அவசியத்தை வலியுறுத்தும் காரணமாயிற்று. 1882இல் திட்டத்தைத் திருத்தி மதிப்பீடு தயாரிக்கும் பொறுப்பு மேஜராக இருந்த பென்னிகுவிக்கிடம் தரப்பட்டது. அவருடைய திட்டம் 1884இல் ஏற்கப்பட்டது.

திருவிதாங்கூரின் இசைவு

திட்டம் ஏற்கப்பட்டும் வேலை தொடங்கவில்லை. திருவிதாங்கூருடனான பேச்சு 1860களிலேயே தொடங்கியிருந்தது. அது முடிவுற இருபது ஆண்டுகளுக்கு மேல் ஆயிற்று. அணையைக் கட்டப் பின்னர் எட்டே ஆண்டுகள் போதுமாக இருந்தன என்பதை இதனோடு ஒப்பிட்டுப் பார்க்கலாம்.

திருவிதாங்கூர் பெயரளவில் தனி அரசாயினும், கம்பெனியுடன் 1795இலும் 1805இலும் செய்துகொண்ட உடன்படிக்கைகளால் கட்டுண்டிருந்தது. 1805ஆம் ஆண்டு உடன்படிக்கைப்படி அது ஆண்டுதோறும் ஏறத்தாழ 8 இலட்சம் ரூபாய் கப்பம் செலுத்த வேண்டும். ஆட்சி குறித்துக் கம்பெனி கூறும் ஆலோசனைகளுக்கும் செவிசாய்க்க வேண்டும். ரெசிடென்ட் எனப்பட்ட பிரித்தானிய அதிகாரி ஒருவர் அங்கேயே நிலையாகத் தங்கியிருந்தார். இந்த நெருக்கடியை எதிர்த்தே திவான் வேலுத்தம்பி 1808–09இல் கிளர்ந்தெழுந்தார். ஆக, இசைவு கேட்ட அரசும் அதைத் தரவேண்டிய அரசும் சமநிலையில் இருக்கவில்லை. ஆயினும் சென்னை அரசு நிலத்தைத் தன்போக்கில் எடுத்துக்கொள்ளாமல் எழுத்து மூலமான இசைவுக்காகக் காத்திருந்தது என்பதும் வரலாறே.

குத்தகைப் பத்திரம் 1886 அக்டோபர் 29 அன்று கையெழுத்தானது. ஒரு தரப்பில் இந்தியாவுக்கான பிரித்தானிய அமைச்சர். மறு தரப்பில் திருவிதாங்கூர் மகாராசா. பிரித்தானியத் தரப்புக்காக ரெசிடென்ட் ஜே. சி. ஹானிங்டனும், மகாராசாவுக்காகத் திவான் வெ. இராமையங்காரும் கையொப்பமிட்டனர். இராமையங்கார் சென்னை அரசுப் பணியில் உயர்ந்து, பின்னர் திருவிதாங்கூருக்குச் சென்றவர் என்பது கவனிக்கத்தக்கது. பத்திரத்தின்படி அணைக்கும் நீர்த்தேக்கத்துக்குமாக 8,000 ஏக்கர் நிலமும், துணை வேலைகளுக்கு 100 ஏக்கருக்கு மிகாத நிலமும் 999 ஆண்டுகளுக்குக் குத்தகையாயின. ஏக்கருக்கு ஆண்டுக்கு 5 ரூபாய் வீதம் குத்தகைத் தொகை 40,000 ரூபாய். இதனைத் திருவிதாங்கூர் செலுத்தும் கப்பத்தில் கழித்துக்கொள்ள ஏற்பாடு செய்யப்பட்டது. சென்னை அரசு கொடுக்க வேண்டியதைத் திருவிதாங்கூர் கொடுப்பதிலிருந்தே குறைத்துக்கொண்டது என்றும் கூறலாம்.

இப்பத்திரத்தில் பென்னிகுவிக்கின் பெயர் கையொப்பக்காரராக இல்லை. அது அரசுகளின் வேலை. ஆனால் அவர் துறையின் அளவைகள் அதன் உயிர்நாடியாக உள்ளன. குத்தகை நிலத்தின் எல்லை வேலியாலோ கல்லாலோ வரையறுக்கப்படவில்லை. அணை அமையும் இடத்தில் ஆற்றின் மிகத் தாழ்ந்த புள்ளியிலிருந்து 155 அடி உயரத்தில் செல்லும் சமவுயரக் கோட்டால் வரையறுக்கப்பட்டது. பொறியாளர் நீரை எவ்வளவு உயரம் தேக்க எண்ணினாரோ, அந்த உயரத்துக்கே மன்னரின் இசைவு எழுதி வாங்கப்பட்டது. பிற்காலச் சர்ச்சைகள் 136 அடி, 142 அடி, 152 அடி என்று அடிக்கணக்கிலேயே நடப்பதற்கு இதுவும் ஒரு காரணம் எனலாம்.

கேரளத்தில் பரவலாக வழங்கும் ஒரு செய்தி, விசாகம் திருநாள் மகாராசா மனம் வெதும்பி இப்பத்திரத்தில் கையெழுத்திட்டார் என்பதாகும். பேச்சுவார்த்தையின் பிற்பகுதி அவருடைய ஆட்சியில் (1880–1885) நடந்தது உண்மை. ஆனால் அவர் 1885 ஆகத்து மாதமே காலமாகிவிட்டார். பத்திரம் எழுதப்பட்டபோது அரியணையில் இருந்தவர் மூலம் திருநாள். கையெழுத்து மகாராசா இட்டதும் அன்று, திவான் இட்டது. எனினும் அச்செய்தி சுட்டும் கேள்வி பொருளற்றதன்று: மறுத்தால் என்ன ஆகுமோ என்ற அச்சத்தோடு தரும் இசைவு, இசைவாகுமா?

அணை கட்டுதல்

1887இல் வேலை தொடங்கியது. அடர்ந்த காடு, ஆண்டின் பெரும்பகுதி மழை, மலேரியாக் காய்ச்சல், காட்டு விலங்குகள் என்று இடர்ப்பாடுகள் பல. சென்னைப் பயனியர் படைப்பிரிவினரும் கொச்சியிலிருந்து வந்த போர்த்துக்கீசிய வழித் தச்சர்களும் பெருந்தொகையான கூலித் தொழிலாளர்களும் உழைத்தனர். ஆற்றை ஒதுக்க எழுப்பிய தற்காலிகக் கரைகளை வெள்ளம் மீண்டும் மீண்டும் அடித்துச் சென்றது.

சிமெண்டு இறக்குமதிப் பொருளாகவும் விலை மிகுந்ததாகவும் இருந்த காலம் அது. ஆகவே கருங்கல்லும், சுண்ணாம்பும் சுர்க்கியும் (செங்கற்பொடி) கலந்த காரையும் கொண்டு அணை எழுப்பப்பட்டது. சுண்ணாம்புக் கல் கம்பம் பள்ளத்தாக்கின் பக்கமிருந்த குருவனூத்திலிருந்து மலையேற்றப்பட்டது. ஏறத்தாழ 1,200 அடி நீளமுள்ள இவ்வணை தன் எடையினாலேயே நீரின் அழுத்தத்தைத் தாங்கி நிற்கும் வகையைச் சேர்ந்தது. நீரைக் கிழக்கே கொண்டுவரும் வழி அணையில் இல்லை. நீர்த்தேக்கத்தின் மறுகோடியான தேக்கடியில், ஏறக்குறைய ஒரு மைல் நீளமுள்ள சுரங்கமாக மலையில் குடையப்பட்டது. நீர்மட்டம் 104 அடிக்குக் கீழே இறங்கினால் இச்சுரங்கத்தில் நீர் ஏறாது.

கட்டுமானக் காலத்தில் நோயால் மட்டும் 483 பேர் இறந்ததாகப் பதிவு செய்யப்பட்டுள்ளது. அணையருகே இடுகாடு ஒன்று உள்ளது. இவர்களில் மிகப் பெரும்பாலோரின் பெயர்கள் பொது நினைவில் இல்லை.

1895 அக்டோபர் 10 அன்று சென்னை ஆளுநர் வென்லாக் பிரபு திட்டத்தைத் தொடங்கி வைத்தார்.

அரசு நிதி நிறுத்தப்பட்டதால் பென்னிகுவிக் இங்கிலாந்திலிருந்த தம் சொத்துகளை விற்று அணையை முடித்தார் என்று தேனி மாவட்டத்தில் நம்பப்படுகிறது. இதற்கு அக்காலத்து ஆவணச் சான்று எதுவும் முன்வைக்கப்பட்டதில்லை. சென்னை அரசின் பொதுப்பணித் திட்டமாகவே அணை கட்டப்பட்டது. ஆயினும் இந்நம்பிக்கை அவரை ஓர் அதிகாரியாக அன்றி ஊரின் உறவினராகவே கருதச் செய்துள்ளது.

பிற்காலம்

1895இல் இவருக்கு சி. எசு. ஐ. விருது வழங்கப்பட்டது. மறு ஆண்டு ஓய்வுபெற்று இங்கிலாந்து திரும்பி, இந்தியப் பணிக்குப் பொறியாளர்களைப் பயிற்றுவித்த கூப்பர்சு ஹில் கல்லூரியின் தலைவராக 1899 வரை இருந்தார். பெரியாற்றைத் திருப்பியது குறித்து அவர் எழுதிய கட்டுரைக்கு இலண்டன் குடிசார் பொறியாளர் நிறுவனம் டெல்போர்டு பதக்கம் அளித்தது. 1893ஆம் ஆண்டுப் பெருவெள்ளங்களால் பாதிக்கப்பட்ட பிரிசுபேன் ஆற்றைப் பற்றி ஆலோசனை கூற 1899இல் ஆத்திரேலியா சென்றுவந்தார். 1911 மார்ச் 9 அன்று சர்ரே கோட்டத்தின் கேம்பர்லியில் காலமானார். அருகிலுள்ள பிரிம்லி தூய பேதுரு தேவாலயத்தில் அடக்கம் செய்யப்பட்டார்.

ஒப்பந்தம் குறித்த வழக்குகள்

இசைவு எதற்குத் தரப்பட்டது என்பதே முதலில் எழுந்த சர்ச்சை. சென்னை அரசு அணை நீரைக் கொண்டு மின்சாரம் எடுக்க முனைந்தபோது, பாசனத்துக்கு மட்டுமே நிலம் தரப்பட்டது என்று திருவிதாங்கூர் மறுத்தது. திவான் சி. பி. இராமசாமி ஐயர் காலத்தில் இது நடுவர் தீர்ப்புக்குச் சென்றது. 1941இல் வெளியான தீர்ப்பு திருவிதாங்கூருக்குச் சாதகமாக அமைந்தது. ஓர் அரசு எதற்கு இணங்கியதோ அதற்கு மட்டுமே கட்டுப்படும் என்ற கொள்கை, வலிமை குறைந்த தரப்புக்கும் உதவக்கூடும் என்பதற்கு இது நல்ல சான்று.

இரண்டாவது சர்ச்சை 1947க்குப் பிந்தியது. இந்திய விடுதலைச் சட்டத்தின் 7ஆம் பிரிவு, சமத்தானங்கள் மீதிருந்த பிரித்தானிய முடியின் மேலாதிக்கம் முடிவுறுவதையும், அதனோடு முடிக்கும் சமத்தான மன்னர்களுக்கும் இடையே நடைமுறையில் இருந்த உடன்படிக்கைகள் காலாவதியாவதையும் அறிவித்தது. 1886ஆம் ஆண்டுப் பத்திரமும் அத்தகைய உடன்படிக்கையே, எனவே அது அன்றே செத்துவிட்டது என்பது கேரள அரசு பின்னாளில் எடுத்துரைத்த வாதங்களுள் முதன்மையானது. மேலாதிக்க அரசு வற்புறுத்திப் பெற்றது, சமமற்றது என்ற வாதமும் உடன் வந்தது.

இங்கு உலக வழக்கையும் நோக்கலாம். 1969இல் உருவாகி 1980இல் நடைமுறைக்கு வந்த, உடன்படிக்கைச் சட்டம் பற்றிய வியன்னா உடன்படிக்கை, அரசின் இசைவையே அனைத்துக்கும் அடித்தளமாகக் கொள்கிறது. கையொப்பம், பின்னேற்பு, இணைவு முதலிய வழிகளில் இசைவு தெரிவிக்கப்படலாம். அரசின் பேராளரை மிரட்டியோ, படைபலத்தைப் பயன்படுத்தியோ பயன்படுத்துவதாக அச்சுறுத்தியோ பெற்ற இசைவு செல்லாது. ஆனால் அரசியல், பொருளாதார நெருக்கடியால் பெற்ற இசைவும் செல்லாது என்று எழுத வேண்டுமெனப் புதிதாக விடுதலை பெற்ற நாடுகள் பல கோரியபோது அது உடன்படிக்கையின் உறுப்பாக ஏற்கப்படவில்லை. தனி அறிவிப்பாக மாநாட்டின் இறுதி ஆவணத்துடன் இணைக்கப்பட்டதோடு நின்றது. திருவிதாங்கூர் மீது இருந்தது பெரிதும் இவ்வகை நெருக்கடியே. மேலும் அவ்வுடன்படிக்கை முன்காலத்துக்குப் பொருந்தாது. இந்தியா அதில் சேரவும் இல்லை. எனவே பெரியாற்று வழக்குக்கு அது நேரடியாகப் பயன்படாது, ஒப்புநோக்கவே உதவும்.

மூன்றாவதாக ஒரு நிகழ்வு வழக்கின் போக்கை மாற்றியது. 1970 மே 29 அன்று தமிழ்நாடும் கேரளமும் இரண்டு துணை ஒப்பந்தங்களைச் செய்துகொண்டன. குத்தகைத் தொகை ஏக்கருக்கு 30 ரூபாயாக உயர்ந்தது. மீன்பிடி உரிமை கேரளத்திடம் சென்றது. லோயர் கேம்பில் ஏற்கெனவே இயங்கிவந்த மின்நிலையத்துக்கான உரிமை, 1954 முதல் செல்லுபடியாகுமாறு முன்தேதியிட்டு அளிக்கப்பட்டது. அதற்குத் தனிக்கட்டணமும் வரையறுக்கப்பட்டது. அப்போது கேரளத்தில் ஆட்சியில் இருந்தது அச்சுத மேனன் தலைமையிலான தேர்ந்தெடுக்கப்பட்ட அரசு. 1886இல் இணங்கியது கப்பம் கட்டிய அரசு; 1970இல் இணங்கியதோ மக்களாட்சி அரசு. முதல் இசைவின் குறைகளைப் பற்றி என்ன கூறினாலும் இரண்டாவதைப் பற்றி அவ்வாறு கூறுவது கடினம்.

1979இல் குசராத்தின் மோர்வி அணை உடைந்ததை அடுத்து, பெரியாறு அணையின் உறுதி குறித்த அச்சம் கேரளத்தில் பெருகியது. நடுவண் நீர் ஆணையத்தின் ஆலோசனைப்படி நீர்மட்டம் 136 அடியாகக் குறைக்கப்பட்டு, அணையை வலுப்படுத்தும் வேலைகள் மேற்கொள்ளப்பட்டன. அணைக்குக் கீழே வண்டிப்பெரியாறு முதலிய ஊர்களில் வாழ்வோருக்கு இது சட்ட நுணுக்கம் அன்று, உயிர்ப் பிரச்சினை. கம்பம் பள்ளத்தாக்கின் உழவருக்கோ அடிக்கு அடி விளைச்சல். இரு தரப்பு அச்சமும் உண்மையானதே.

2006 பெப்ரவரி 27 அன்று உச்ச நீதிமன்றம் 142 அடி வரை தேக்க அனுமதித்தது. அடுத்த மாதமே கேரளச் சட்டமன்றம் 136 அடிக்கு மேல் தேக்குவதைத் தடுக்கும் சட்டத் திருத்தம் இயற்றியது. தமிழ்நாடு வழக்குத் தொடர்ந்தது. 2014 மே 7 அன்று ஐந்து நீதிபதிகள் கொண்ட அமர்வு அச்சட்டம் அரசியலமைப்புக்கு முரணானது என்று தீர்ப்பளித்தது. 1886ஆம் ஆண்டுப் பத்திரம் அரசியல் உடன்படிக்கை அன்று, சாதாரணக் குத்தகை ஒப்பந்தம். ஆதலால் 1947இல் அது காலாவதியாகவில்லை என்றும், தமிழ்நாடு அதன் வழிவந்த உரிமையாளர் என்றும் நீதிமன்றம் கூறியது. 1970ஆம் ஆண்டு ஒப்பந்தங்களையும் அது கணக்கில் கொண்டது. நீர்மட்டத்தைக் கண்காணிக்க மூவர் குழு ஒன்றும் ஏற்படுத்தப்பட்டது. அதே ஆண்டு நவம்பரில், 35 ஆண்டுகளுக்குப் பின் நீர்மட்டம் 142 அடியைத் தொட்டது.

இத்தீர்ப்பின் விந்தை ஒன்று உண்டு. திருவிதாங்கூர் ஓர் அரசு என்ற தகுதியில் இணங்கியிருந்தால் பத்திரம் காலாவதியாகியிருக்கும். நிலவுடைமையாளர் என்ற தகுதியில் இணங்கியதாகக் கொண்டதாலேயே அது நிலைத்தது. புது அணை கட்டவேண்டும் என்ற கோரிக்கையைக் கேரளம் தொடர்ந்து முன்வைத்தபோதும், தமிழ்நாடு அதற்கு இணங்கவில்லை. இப்போது இசைவு தரவேண்டிய இடத்தில் தமிழ்நாடு இருக்கிறது.

நினைவு

கம்பம் பள்ளத்தாக்கில் வீடுகளிலும் கடைகளிலும் பென்னிகுவிக்கின் படத்தை மாட்டி வைப்பதும், பிள்ளைகளுக்கு அவர் பெயரை இடுவதும் உண்டு. அவருடைய பிறந்தநாளான சனவரி 15 தைப்பொங்கலை ஒட்டி வருவதால், தேனி அருகிலுள்ள பாலார்பட்டியில் ஊர்மக்கள் அவர் பெயரால் பொங்கல் வைக்கின்றனர். லோயர் கேம்பில் தமிழ்நாடு அரசு எழுப்பிய மணிமண்டபம் 2013 சனவரி 15 அன்று திறக்கப்பட்டது. தேனி நகரின் பேருந்து நிலையம் அவர் பெயரைத் தாங்கியுள்ளது. கேம்பர்லியில் தமிழ்நாடு அரசின் முயற்சியால் நிறுவப்பட்ட சிலை 2022 செப்டம்பரில் திறந்துவைக்கப்பட்டது.